பழமும் சீஸும் போட்ட சின்ன பீட்சா: அடி நமுத்துப்போகாமல் செய்வது எப்படி

பழம் போட்ட பீட்சா சரியாக வரவில்லை என்பவர்களிடம் என்ன ஆனது என்று கேட்டுப் பாருங்கள், பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும். அடி நமுத்துவிட்டது, நடுவில் தண்ணீர் தேங்கிவிட்டது, கையில் எடுத்தால் தொங்குகிறது. சுவையைப் பற்றிப் புகார் சொல்பவர்கள் குறைவு. பேரிக்காயில் சுமார் 84 சதவீதம் தண்ணீர், ஆப்பிளில் 86, பீச்சில் 89, ஸ்ட்ராபெர்ரியில் 91. இதை அப்படியே பச்சை மாவின் மேல் வைத்து ஓவனுக்குள் தள்ளினால் அந்தத் தண்ணீர் எங்கே போகும்? கீழேதான். ஆகவே பழ பீட்சா செய்வது என்றால் பாதி வேலை பழத்தின் தண்ணீரை அடக்குவது, மீதிப் பாதி சரியான சீஸைத் தேர்ந்தெடுப்பது. மாவு எல்லாம் அதற்கு அப்புறம்தான்.

நான் இங்கே சொல்வது சாப்பாட்டுக்கு முன்னால் தட்டில் வைத்து நீட்டும் சின்ன பீட்சா, 7 அல்லது 8 சென்டிமீட்டர் அகலம், இரண்டு மூன்று கடியில் முடிந்துவிட வேண்டும். பெரிய பீட்சாவைச் சின்னதாக வெட்டி வைப்பதும் இதுவும் ஒன்றல்ல. சின்னதாக இருப்பதால் 6, 7 நிமிடத்தில் வெந்துவிடும், அந்த நேரத்துக்குள் பழத்தின் ஈரம் தானாக வற்றாது. பெரிய பீட்சாவில் தப்பித்துவிடும் அலட்சியங்கள் இதில் மாட்டிக்கொள்ளும்.

அளவைச் சொல்லிவிடுகிறேன். மைதா 300 கிராம், தண்ணீர் 190 மில்லி, உப்பு 6 கிராம் (ஒரு டீஸ்பூன், தலைதட்டி), இன்ஸ்டன்ட் ஈஸ்ட் 3 கிராம் (அதுவும் ஒரு டீஸ்பூன்தான்), ஆலிவ் எண்ணெய் ஒரு டேபிள்ஸ்பூன். இதில் சுமார் 510 கிராம் மாவு வரும், 32 கிராம் உருண்டையாகப் பிரித்தால் 16 பீட்சா. ஆளுக்கு மூன்று என்றால் ஐந்து பேருக்குச் சரி, ஒன்று மிச்சம், அது சமைப்பவருக்கு. சர்க்கரை போட வேண்டாம், மேலே பழம் வருகிறதே, அந்த இனிப்பு போதும். எல்லாவற்றையும் கலந்து 8 முதல் 10 நிமிடம் நன்றாகப் பிசையுங்கள், முதலில் கையில் ஒட்டும், பயந்துபோய் மேலும் மைதாவைக் கொட்டிவிடாதீர்கள், பிசையப் பிசைய ஒட்டுவது குறைந்துவிடும். மாவுக்கு மாவு தண்ணீர் இழுப்பது மாறும் என்பதால் கடைசி 10 மில்லியை மட்டும் கையில் வைத்துக்கொண்டு பார்த்துப் பார்த்து ஊற்றுங்கள். மூடி வைத்து ஒன்று, ஒன்றரை மணி நேரத்தில் இரண்டு பங்காகப் பொங்கிவிடும்.

முந்தைய நாளே செய்ய முடிந்தால் இன்னும் நல்லது. ஈஸ்ட்டைப் பாதியாகக் குறைத்துப் பிசைந்து, மூடிய டப்பாவில் ஃபிரிட்ஜில் ஒரு நாள் வையுங்கள், இரண்டு நாள் வரை தாங்கும். குளிரில் ஈஸ்ட் மெதுவாக வேலை செய்வதால் மாவில் லேசான புளிப்பும் மணமும் ஏறும், பழத்தின் இனிப்புக்கு அந்தப் புளிப்பு அருமையாகப் பொருந்தும். மறுநாள் வெளியே எடுத்து ஒரு மணி நேரம் குளிர் போகவிட்டு அப்புறம் உருட்டுங்கள்.

மாவு செய்ய நேரமில்லையா? பஃப் பேஸ்ட்ரி ஷீட் (பஃப்ஸ் செய்யும் அடுக்கு மாவு) வாங்கி வட்டமாக வெட்டிக்கொள்ளலாம், ஆனால் அதற்கு ஓவனை 200 டிகிரியில் வைத்து 15 முதல் 18 நிமிடம் விட வேண்டும், அதனால் ஆப்பிள், பேரிக்காய் மாதிரி கெட்டியான பழங்கள்தான் அதற்கு ஏற்றவை. பகெட் என்ற நீளமான பிரெஞ்சு ரொட்டியைச் சாய்வாக வெட்டி வறுத்து மேலே வைத்தாலும் நன்றாகத்தான் இருக்கும். அதைப் பீட்சா என்று சொன்னால் சிலர் சண்டைக்கு வருவார்கள், தட்டு காலியானதும் சண்டையும் முடிந்துவிடும்.

எந்தப் பழத்தை என்ன செய்வது

இதுதான் முக்கியமான பகுதி, இதில் அவசரப்படாதீர்கள்.

ஆப்பிளும் பேரிக்காயும் கெட்டியான பழங்கள், அவற்றை வதக்கத் தேவையில்லை. 2, 3 மில்லிமீட்டர் தடிமனில் சீவுங்கள், அதைவிடத் தடித்தால் 7 நிமிடத்தில் வேகாது, சீஸ் உருகியிருக்கும், பழம் மட்டும் நறுக்கென்று பச்சையாக நிற்கும். வெட்டியதும் பழுப்பாக மாறுவது பழத்தில் உள்ள ஒரு நொதி காற்றோடு சேர்ந்து செய்யும் வேலை, நாலு சொட்டு எலுமிச்சைச் சாறு பிசிறினால் நின்றுவிடும். ஆனால் சாறு பிசிறிய பிறகு டிஷ்யூவில் ஒற்றி எடுக்க மறக்க வேண்டாம், ஈரத்தைக் குறைக்கத்தானே இவ்வளவு பாடு. பேரிக்காய் கொஞ்சம் முன்பக்குவமாக இருக்கட்டும், காம்புப் பக்கம் அழுத்தினால் லேசாக அமுங்கினால் போதும். கையில் எடுத்தாலே விரல் பதியும் பழத்தைத் தனியாகச் சாப்பிட்டுவிடுங்கள்.

பீச், பிளம், ஆப்ரிகாட், மாம்பழம் இவையெல்லாம் சாறு நிறைந்தவை. இவற்றைப் பச்சையாக வைத்தால் குளம்தான். கனமான வாணலியை எண்ணெய் இல்லாமல் நன்றாகக் காயவிட்டு, ஒரு விரல் அகலத் துண்டுகளை அடுக்கி, தொடாமல் ஒரு நிமிடம் விடுங்கள். முதலில் சர்ரென்று சத்தம் கேட்கும், அது தண்ணீர் ஆவியாகும் சத்தம், கொஞ்ச நேரத்தில் அது அடங்கி லேசான சடசடப்பாக மாறும்போது அடிப்பக்கம் பழுப்பு நிறம் பிடித்திருக்கும், அப்போது திருப்பினால் ஒட்டாமல் வரும். சத்தம் அடங்குவதற்கு முன்னால் கரண்டியை வைத்துக் கிளறினால் பழம் கிழிந்து சாறெல்லாம் வெளியே வந்துவிடும், அப்புறம் அது ஜாம்தான். இரண்டு பக்கமும் ஆனதும் தட்டில் பரப்பி ஆறவிடுங்கள், சூட்டோடு மாவில் வைத்தால் சீஸ் ஓவனுக்குப் போகும் முன்பே வியர்க்கத் தொடங்கிவிடும். மாம்பழத்தில் நார் குறைந்த, கெட்டியான வகையாகப் பாருங்கள்.

அன்னாசியைச் சின்னத் துண்டுகளாக வெட்டி இதே போல வாணலியில் வாட்டுங்கள். இதற்கு ஈரத்தைத் தவிர இன்னொரு காரணமும் உண்டு. பச்சை அன்னாசியில் ப்ரோமெலைன் என்ற நொதி இருக்கிறது, அது புரதத்தைச் சிதைக்கும், அன்னாசி சாப்பிட்டால் நாக்கு எரிகிறதே அதில் இதற்கும் பங்கு உண்டு. ரிக்கோட்டா, க்ரீம் சீஸ் மாதிரி மென்மையான சீஸோடு பச்சை அன்னாசியைக் கலந்து அரை மணி நேரம் வைத்தால் சீஸ் நீர்த்துக் கசக்கத் தொடங்கும். பப்பாளி, கிவி, அத்திப்பழம் இவற்றிலும் இதே வகை நொதிகள் உண்டு. சூடு ஏறினால் நொதி செயலிழந்துவிடும், அதனால் வாட்டியதையோ டப்பாவில் வருவதையோ பயமில்லாமல் போடலாம். டப்பா அன்னாசி என்றால் வடிகட்டினால் மட்டும் போதாது, துணியில் கொட்டிப் பிழியாமல் ஒற்றி எடுங்கள்.

அன்னாசி என்றதும், அதைப் பீட்சாவில் போடலாமா என்ற ஹவாயியன் பீட்சா சண்டை நினைவுக்கு வரும். அதற்கும் ஹவாய்க்கும் சம்பந்தம் இல்லை, 1962-இல் கனடாவின் ஒன்டாரியோ மாநிலத்தில் சாத்தம் என்ற ஊரில் உணவகம் நடத்திய சாம் பனோபுலோஸ் என்ற கிரேக்கர் டப்பா அன்னாசியை எடுத்துப் பீட்சாவில் போட்டுப் பார்த்தார், அவ்வளவுதான். 2017-இல் ஐஸ்லாந்து அதிபர் விளையாட்டாக, முடிந்தால் அன்னாசி பீட்சாவைத் தடை செய்துவிடுவேன் என்று சொல்லப்போய் அது உலகச் செய்தியானது. ஸ்வீடன்காரர்கள் வாழைப்பழமும் கறித்தூளும் போட்டுப் பீட்சா சாப்பிடுகிறார்கள், அவர்களைப் பார்த்து யாரும் இவ்வளவு கோபப்பட்டதாகத் தெரியவில்லை. என்னைக் கேட்டால் அன்னாசியில் தப்பே இல்லை, அதை ஈரத்தோடு போடுவதுதான் தப்பு.

திராட்சையை முழுதாகப் போடாதீர்கள். ஓவன் சூட்டில் உள்ளே சாறு கொதித்து, கடிக்கும்போது பட்டென்று வெடித்து நாக்கைச் சுட்டுவிடும், சின்னக் குழந்தைகள் சாப்பிடுகிறார்கள் என்றால் தொண்டையில் அடைக்கும் ஆபத்தும் உண்டு. விதையில்லாத திராட்சையை நீளவாக்கில் இரண்டாக வெட்டி, வெட்டிய பக்கம் மேலே பார்க்க வையுங்கள். தோல் ஒரு கிண்ணம் மாதிரி சாற்றைப் பிடித்துக்கொள்ளும், ஈரம் மேல்பக்கமாக ஆவியாகும், வெந்து முடிக்கும்போது ஓரங்கள் சுருங்கி நடுவில் பாகு பதத்தில் ஒரு சொட்டு நிற்கும், அதுதான் இந்தப் பீட்சாவின் சுவையே. அத்திப்பழத்துக்கும் இதே விதி. நாலாகவோ வட்டமாகவோ வெட்டுங்கள், வெட்டிய பக்கம் மேலே. அதில் தண்ணீர் மற்ற பழங்களைவிடக் கொஞ்சம் குறைவு, முதல் முறை செய்பவர்களுக்கு அத்திப்பழத்தையும் பேரிக்காயையும்தான் சொல்வேன், இரண்டும் ஏமாற்றாது.

ஸ்ட்ராபெர்ரியை ஓவனுக்குள் அனுப்புவதில் எனக்கு உடன்பாடில்லை. நிறம் மங்கி, சுருங்கி, புளிப்பு மட்டும் மிஞ்சும். வெந்து வெளியே வந்த பீட்சாவின் மேல் மெல்லிசாக வெட்டிப் போடுங்கள். ஆரஞ்சு, முலாம்பழம், தர்பூசணி எல்லாமே அப்படித்தான், சூடு அவற்றுக்கு ஆகாது. ப்ளூபெர்ரி மட்டும் விதிவிலக்கு, முழுதாகவே போடலாம், சின்னதாக இருப்பதால் வெடித்தாலும் பெரிய சேதமில்லை.

உலர்ந்த பழங்களுக்குப் பிரச்சினை நேர்மாறானது, ஈரம் போதாது. உலர் அத்தி, உலர் ஆப்ரிகாட், கிஸ்மிஸ் எதையும் வெதுவெதுப்பான தண்ணீரில் 10 நிமிடம் ஊறவைத்துத் துடைத்துவிட்டுப் போடுங்கள், இல்லையென்றால் கருகிக் கல் மாதிரி ஆகிவிடும்.

சீஸ்

இரண்டு சீஸ் வேண்டும். உருகி எல்லாவற்றையும் பிடித்துக்கொள்ள ஒன்று, உப்பும் காரசாரமுமாகச் சுவை கொடுக்க ஒன்று. முதல் வேலைக்கு மொசரெல்லாவை மிஞ்ச ஆளில்லை, அதிலும் ஈரம் குறைந்த கட்டி மொசரெல்லா. தண்ணீரில் மிதக்கும் உருண்டை மொசரெல்லாவைப் போட ஆசைப்பட்டால் கையால் பிய்த்து, துணியில் பரப்பி அரை மணி நேரமாவது வடியவிடுங்கள், ஏற்கெனவே பழம் கொண்டுவரும் தண்ணீரோடு இதுவும் சேர்ந்தால் தாங்காது. துருவிப் பாக்கெட்டில் விற்கும் சீஸில் துருவல் ஒட்டிக்கொள்ளாமல் இருக்க ஸ்டார்ச்சோ செல்லுலோஸோ தூவியிருப்பார்கள், அதனால் உருகும்போது கொஞ்சம் வறட்டென்று இருக்கும். கட்டியாக வாங்கித் துருவுங்கள், 16 பீட்சாவுக்கு 180 கிராம் போதும், துருவ மூன்று நிமிடம் ஆகுமா?

எல்லாச் சீஸும் உருகாது. பன்னீர், ரிக்கோட்டா, ஃபெட்டா, ஹல்லூமி எவ்வளவு சூடு கொடுத்தாலும் வழியாது. பாலில் உள்ள கேசின் புரதத்தைக் கால்சியம்தான் பிணைத்து வைத்திருக்கிறது. மொசரெல்லாவில் புளிப்பு மிதமாக இருப்பதால் கொஞ்சம் கால்சியம் மட்டும் விலகி, சூடு பட்டதும் புரத இழைகள் நெகிழ்ந்து நூலாக நீளும். எலுமிச்சை மாதிரி அமிலம் விட்டுத் திரித்த பன்னீரில் இழைகள் அப்படி நெகிழாது, சூடானால் புரதம் ஒன்றோடொன்று இன்னும் இறுகி உள்ளே இருக்கும் தண்ணீரை வெளியே தள்ளும். அதற்காக இவற்றைத் தள்ளிவைக்க வேண்டியதில்லை, உருகும் என்று எதிர்பார்க்காமல் உப்புச் சுவைக்காக ஃபெட்டாவை உதிர்த்துப் போடலாம், ரிக்கோட்டாவை அடியில் சாஸ் மாதிரித் தடவலாம்.

இரண்டாவது சீஸில்தான் உங்கள் விருப்பம் தெரியும். நீலப் பூஞ்சை படர்ந்த ப்ளூ சீஸ் வகையில் கோர்கன்சோலா பேரிக்காய்க்கென்றே பிறந்தது. சீஸும் பேரிக்காயும் சேர்ந்தால் எவ்வளவு ருசி என்பதைக் குடியானவனிடம் சொல்லிவிடாதே என்று இத்தாலியில் ஒரு பழமொழியே உண்டு, தெரிந்தால் அவன் விற்க மாட்டான் என்று அர்த்தம் போலும். ப்ளூ சீஸின் வாடை பிடிக்காதவர்களுக்கு ஆட்டுப்பால் சீஸ், ப்ரீ, முதிர்ந்த செடார் எல்லாம் இருக்கின்றன. முதிர்ந்த செடாரை மட்டும் அதிகம் போடாதீர்கள், சூட்டில் எண்ணெய் பிரிந்து மேலே மிதக்கும். பலமான சீஸ் ஒரு பீட்சாவுக்கு 5 கிராம், அதாவது மூன்று நாலு சின்ன உதிரல், போதும். பழத்தின் இனிப்பை எடுத்துக்காட்டுவதற்குத்தான் உப்பு, அதை அமுக்குவதற்கு அல்ல.

விருந்தாளிகளில் சைவம் சாப்பிடுபவர்கள் இருந்தால் ஒன்று கவனியுங்கள். அசல் பார்மிஜானோ (பார்மசான்), கோர்கன்சோலா இரண்டையும் கன்றின் வயிற்றிலிருந்து எடுக்கும் ரென்னெட்டை விட்டுத்தான் திரிப்பார்கள். சைவ ரென்னெட் சேர்த்த சீஸ்கள் நிறைய இருக்கின்றன, லேபிளில் எழுதியிருக்கும், படித்துப் பார்த்து வாங்குங்கள்.

அடுக்கி வேகவைப்பது

முதலில் ஓவன். அது எவ்வளவு சூடாகுமோ அவ்வளவு வையுங்கள், 240 டிகிரி செல்சியஸ் கிடைத்தால் சந்தோஷம். கனமான ட்ரேயைக் கவிழ்த்துக் கீழ்த் தட்டில் வைத்து அரை மணி நேரம் காயவிடுங்கள். ஓவன் விளக்கு அணைந்து தயார் என்று சொன்னாலும் நம்பாதீர்கள், காற்று சூடாகியிருக்கும், ட்ரே சூடாகியிருக்காது. மாவின் அடிப்பக்கம் தொடும் இடம் சூடாக இருந்தால்தான் அது உடனே இறுகும், மேலிருந்து ஈரம் இறங்குவதற்குள் அடி மொறுமொறுப்பாகிவிடும்.

உருண்டைகளைத் தட்டி ஈரத்துணி போட்டு 10 நிமிடம் விட்டுவிட்டு அப்புறம் விரலால் அழுத்தி விரியுங்கள். விரிக்க விரிக்கச் சுருங்கி ஓடினால் பலப்பரீட்சை வேண்டாம், இன்னும் 5 நிமிடம் விட்டால் தானாக இளகும். 16 உருண்டை பிடிக்கப் பொறுமை இல்லையென்றால் மாவைப் பூரிக்கட்டையால் மொத்தமாக 4 மில்லிமீட்டருக்குத் தேய்த்து டம்ளர் வாயால் அழுத்தி வட்டம் வட்டமாக எடுங்கள், விளிம்பு உப்பாது, அழகும் குறையாது. விளிம்பைப் பற்றி ஒரு கணக்கு: 7 சென்டிமீட்டர் வட்டத்தில் சுற்றிலும் 1 சென்டிமீட்டர் விட்டால் கிட்டத்தட்டப் பாதி பீட்சா வெறும் மாவாகப் போய்விடும். அரை சென்டிமீட்டர் மட்டும் விடுங்கள், முக்கால் பங்குக்குக் கொஞ்சம் குறைவாகச் சீஸும் பழமும் கிடைக்கும். நடுப்பகுதியை முள்கரண்டியால் ஐந்தாறு இடத்தில் குத்திவிடுங்கள், இல்லாவிட்டால் பலூன் மாதிரி உப்பி மேலே வைத்ததையெல்லாம் உருட்டிவிடும்.

தக்காளி சாஸ் வேண்டாம். அதுவும் புளிப்பு, பழமும் புளிப்பு, போதாததற்கு அதுவும் ஈரம். அதற்குப் பதிலாகப் பூண்டு தட்டிப் போட்ட ஆலிவ் எண்ணெயைப் பிரஷ்ஷால் தடவுங்கள். எண்ணெய் ஒரு மெல்லிய தடுப்பாகவும் இருக்கும். பிறகு மொசரெல்லா, அதன் மேல் பழம், பழத்தின் இடுக்குகளில் பலமான சீஸ். இந்த வரிசையை மாற்ற வேண்டாம். பழத்தைக் கீழே வைத்து மேலே சீஸால் மூடினால் ஆவி போக வழியில்லாமல் உள்ளேயே புழுங்கி மாவை ஊறவைக்கும். பழம் வெளியே தெரிய இருந்தால் ஓரங்கள் கொஞ்சம் சிவந்து மணமும் கூடும். அளவில் கஞ்சத்தனம் நல்லது, ஒரு பீட்சாவுக்குப் பேரிக்காய் இரண்டு மூன்று சீவல், திராட்சை நாலு பாதி, அவ்வளவுதான்.

முதலில் ஒன்றை மட்டும் வேகவைத்துப் பாருங்கள். ஒவ்வொரு ஓவனும் ஒவ்வொரு மாதிரி, 6 நிமிடமா 8 நிமிடமா என்பது அந்த ஒன்றில் தெரிந்துவிடும், உப்பும் தெரிந்துவிடும். எப்போது எடுப்பது என்று கடிகாரத்தைவிட சீஸின் கொப்பளங்களைப் பார்த்துச் சொல்லலாம். ஆரம்பத்தில் பெரிய பெரிய கொப்பளமாக, பளபளவென்று தண்ணியாகக் குமிழியிடும், அது இன்னும் ஈரம் இருக்கிறது என்பதற்கு அடையாளம். அவை சின்னதாகி, கெட்டியாகி, அங்கங்கே பழுப்புப் புள்ளி விழுந்தால் தயார். கரண்டியால் ஒன்றைத் தூக்கி அடியைப் பார்த்துவிடுங்கள், அடியிலும் பழுப்புப் புள்ளிகள் இருக்க வேண்டும். மேலே ஆகி அடி வெளுத்திருந்தால் ட்ரேயை ஓவனின் இன்னும் கீழ்த் தட்டுக்கு மாற்றுங்கள்.

தேன், கொட்டைகள், இலைகள் மூன்றையும் கடைசிக்கு வைத்துக்கொள்ளுங்கள். தேனில் ஃபிரக்டோஸ் அதிகம், சாதாரண சர்க்கரை சுமார் 160 டிகிரியில் நிறம் மாறும் என்றால் ஃபிரக்டோஸ் 110 டிகிரியிலேயே மாறத் தொடங்கிவிடும், 240 டிகிரியில் அது கருகிக் கசக்காமல் என்ன செய்யும்? வெளியே எடுத்தபின் அரை டீஸ்பூன் விட்டால் சூட்டிலேயே இளகி ஓடும். ஒரு வயது ஆகாத குழந்தைக்குத் தேன் கொடுக்கவே கூடாது என்பதால் பந்தியில் கைக்குழந்தை இருந்தால் அந்தத் தட்டைத் தள்ளி வையுங்கள். வால்நட், பிஸ்தாவைக் கடைசி இரண்டு நிமிடம் மட்டும் உள்ளே வைத்தால் போதும். ராக்கெட் இலை (லேசாகக் காரமான சாலட் கீரை), பேசில், புதினா எல்லாம் பரிமாறும்போதுதான், ரோஸ்மேரியும் தைமும் மட்டும் முன்னாலேயே போகலாம், ஆனால் எண்ணெயில் பிரட்டிவிட்டுப் போடுங்கள்.

எதோடு எது

பேரிக்காய், கோர்கன்சோலா, வால்நட், மேலே தேன். இதை மாற்றியமைக்க யாரும் முயலத் தேவையில்லை.

அத்திப்பழத்துக்கு ஆட்டுப்பால் சீஸும் தைமும், பரிமாறும்போது மிளகைக் கொரகொரப்பாகப் பொடித்துத் தூவுங்கள். திராட்சைக்கு ரோஸ்மேரி. இத்தாலியின் டஸ்கனியில் திராட்சை அறுவடைக் காலத்தில் திராட்சை பதித்த தட்டை ரொட்டி சுடுவார்கள், அதன் வாசனை இந்த பீட்சாவில் கொஞ்சம் வரும், அடியில் ரிக்கோட்டா தடவினால் இன்னும் நன்று. ஆப்பிளுக்கு செடாரும் வெங்காயமும், ஆனால் வெங்காயத்தை மிதமான தீயில் அரை மணி நேரத்துக்கு மேல் வதக்கிப் பழுப்பாக்கியிருக்க வேண்டும், அதைக் குறுக்குவழியில் செய்ய முடியாது. ஐந்து நிமிடத்தில் வதங்கிவிடும் என்று எழுதியிருப்பதை எங்கே பார்த்தாலும் அந்தக் குறிப்பை மூடிவிடுங்கள்.

வாட்டிய பீச்சுக்கு மொசரெல்லா மட்டும் போதும், வெந்ததும் பேசில் இலை, பால்சமிக் வினிகரை (திராட்சைச் சாற்றில் செய்யும் இனிப்பான வினிகர்) சின்ன தீயில் பாதியாக வற்றவிட்டுச் சொட்டுச் சொட்டாக விடுங்கள். அதே பால்சமிக் ஆட்டுப்பால் சீஸோடு ஸ்ட்ராபெர்ரிக்கும் பொருந்தும், பழம் கடைசியில்தான் என்பதை மறக்காதீர்கள். அன்னாசிக்கு புகையூட்டிய சீஸும் மெல்லிசாக வெட்டிய பச்சை மிளகாயும். மாம்பழத்துக்கு ஃபெட்டா, மிளகாய்த் துகள், புதினா. காரமும் உப்பும் இல்லாமல் மாம்பழ பீட்சா செய்தால் அது சாப்பாட்டுக்கு அப்புறம் வைக்க வேண்டிய இனிப்பாகிவிடும், முன்னால் வைப்பதற்கு இல்லை. விருந்துக்கு இரண்டு வகை செய்யுங்கள், மூன்றாவதற்கு ஆசைப்பட்டால் நீங்கள் சமையலறையிலேயே இருக்க வேண்டியதுதான்.

விருந்தாளிகள் வரும் நாளில்

கடைசி நேரத்தில் மாவை விரித்துக்கொண்டு நிற்காமல் இருக்க, காலையிலேயே வட்டங்களை வெறுமனே எண்ணெய் மட்டும் தடவி 3 நிமிடம் ஓவனில் வைத்து எடுத்துவிடுங்கள். நிறம் பிடிக்கக் கூடாது, மேல்பக்கம் காய்ந்து இறுகினால் போதும். கம்பித் தட்டில் முழுதாக ஆறவிட்டு அப்புறம் மூடி வையுங்கள், சூட்டோடு மூடினால் ஆவி அடித்து நமுத்துவிடும். இதையே ஃபிரீசரில் ஒரு மாதம் வரை வைத்துக்கொள்ளலாம். ஈரப் பழங்களுக்கு இப்படி முன்வேகவைப்பது இன்னொரு விதத்திலும் உதவும், காய்ந்த மேல்பரப்பு சாற்றை உடனே உறிஞ்சாது. பழத்தை வாட்டி, சீஸைத் துருவி, தனித்தனி டப்பாவில் ஃபிரிட்ஜில் வைத்துவிட்டால் ஆட்கள் வந்து உட்கார்ந்ததும் அடுக்கி 5 நிமிடத்தில் எடுத்துவிடலாம். அடுக்கியதை மட்டும் முன்கூட்டிச் செய்து வைக்காதீர்கள், கால் மணி நேரம் போதும், சாறு இறங்கிவிடும்.

ஓவன் இல்லாதவர்கள் மூடியுள்ள கனமான வாணலியில் செய்யலாம். வட்டத்தை மிதமான தீயில் ஒரு பக்கம் இரண்டு நிமிடம் சுட்டுத் திருப்புங்கள், சுட்ட பக்கத்தின் மேல் சீஸும் பழமும் வைத்து, தீயைக் குறைத்து மூடி 3, 4 நிமிடம். மூடியின் உள்பக்கம் தண்ணீர் கோத்துக்கொண்டு பீட்சாவின் மேல் சொட்டும், அதனால் மூடியை ஒரு துணியால் சுற்றிக் கட்டிவிடுங்கள், முனைகள் தீயில் தொங்காமல் மேலே முடிச்சுப் போட்டு. மேல்பக்கம் சிவக்காது என்பதால் இந்த முறைக்குப் பேரிக்காய், ஆப்பிள் உட்பட எல்லாப் பழத்தையும் முன்னாலேயே வாட்டிக்கொள்ள வேண்டும்.

வெந்ததைத் தட்டில் உடனே அடுக்காமல் கம்பித் தட்டில் இரண்டு நிமிடம் வையுங்கள். சீஸ் கொஞ்சம் உறைந்து பழம் நழுவாமல் நிற்கும், வாயும் சுடாது. அதற்குப் பிறகு பத்து நிமிடத்துக்குள் பரிமாறிவிட வேண்டும், பெரிய விருந்து என்றால் எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் சுடாமல் எட்டு எட்டாகச் சுடுங்கள்.

மிச்சமானால் மறுநாள் மைக்ரோவேவில் வைக்காதீர்கள், மாவு ரப்பராகிவிடும். இலைகளை எடுத்துவிட்டு, காய்ந்த வாணலியில் சின்ன தீயில் மூன்று நிமிடம், கடைசி ஒரு நிமிடம் மட்டும் மூடி. பேரிக்காய், அத்தி, திராட்சை போட்டவை இப்படி நன்றாகவே மீளும். ஸ்ட்ராபெர்ரி போட்டதை மட்டும் அன்றைக்கே தீர்த்துவிடுங்கள்.